அஞ்சாம் பாட்டுக்காரியின் தாய்வீடு

சண்டை முடிந்து வெள்ளைக்காரப் பட்டாளம் தேரிமேட்டுக் கொட்டகைகளைக் காலிசெய்துவிட்டுப் போனபோது, அவர்கள் விட்டுப்போன சாமான்களைப் புன்னைத்துறைக்காரர்கள் ஏலத்தில் எடுத்தார்கள், ஒருவர் இரும்புக் கட்டிலை எடுத்தார், ஒருவர் தகரப் பீப்பாய்களை எடுத்தார், காபிக்கடை மீரான் பாய் மட்டும் ஆளுயரத்துக்கு மேல் நின்ற ஒரு மரப்பெட்டியைப் பீரோ என்று நினைத்து எடுத்துவிட்டு, வீட்டுக்குக் கொண்டுபோனால் பீவி ஏசுவாளே என்று பயந்து கடையிலேயே இறக்கினார். பெட்டியின் நெற்றியில் ஒரு பால்வெள்ளைக் கண்ணாடி இருந்தது, இடுப்பில் காசு போடுகிற துளை இருந்தது, உள்ளே துணி வைக்க இடமே இல்லாமல் நிலைக்கண்ணாடிகளும் சக்கரங்களும் ஒரு படச்சுருளும் இருந்தன. லாஞ்சு எஞ்சின்களுக்கு வைத்தியம் பார்க்கிற தொம்மை மிராந்தாதான் அதைத் திறந்து, துடைத்து, எண்ணெய் போட்டு, ஐஸ் கம்பெனியிலிருந்து கடைக்கு வந்த கரண்டில் ஒயரை மாட்டி, ஓரணாவைத் துளைக்குள் போட்டுப் பார்த்தான், கண்ணாடியில் வெளிச்சம் வந்து, ஒரு மனிதன் கன்னம் இரண்டும் உப்ப எக்காளம் ஊத ஆரம்பித்தான்.

சுருளில் எட்டுப் பாட்டுகள் இருந்தன, ஒவ்வொன்றும் ஒரு தம்ளர் காபி ஆறுகிற நேரத்துக்கு ஓடும். நமக்குப் பிடித்த பாட்டைக் கேட்டு வாங்க முடியாது, காசு போட்டால் வரிசையில் அடுத்தது எதுவோ அதுதான் வரும், எட்டு முடிந்தால் மறுபடி ஒன்று. எங்கள் ஊருக்குப் பிடித்தது அஞ்சாம் பாட்டு. அட்டையில் செய்த ஒரு துறைமுகம், அட்டைக் கப்பல், நடுவே வளைந்து இறங்கும் ஒரு படிக்கட்டு, அதில் கூர்க்குதிச் செருப்பும் மினுக்குச் சட்டையும் போட்ட கறுத்த அழகி ஒருத்தி என்ன பாஷை என்று தெரியாத பாஷையில் பாடிக்கொண்டே இறங்கி வருவாள், இறகு விசிறி வைத்த பெண்கள் இரண்டு பக்கமும் ஆடுவார்கள், குட்டையான மேளக்காரர் ஒருவர் அவளையே பார்த்தபடி அடிப்பார். அவளுக்கு ஊர் வைத்த பெயர் அஞ்சாம் பாட்டுக்காரி. அவளைப் பார்க்கத்தான் எல்லோரும் காசை மடியில் வைத்துக் காத்திருப்பார்கள், நாலாம் பாட்டின் பியானோக் கிழவருக்கு யார் காசு போடுவது என்பதில் தினமும் சண்டை வரும், கடைசியில் கிழவருக்குப் போட்டவருக்கு முன்வரிசை பெஞ்சு என்று மீரான் பாய் பஞ்சாயத்துப் பண்ணிவைத்தார்.

அவள் முழுகாமல் இருப்பதை முதலில் கண்டது மருத்துவச்சி பிரகாசியம்மாள். அது கிறிஸ்துமஸுக்கு முந்தைய வாரம், அவள் காபிக்கடைக்குச் சுக்குக் காபி குடிக்க வந்தவள், கண்ணாடியைப் பார்த்துவிட்டுத் தம்ளரைக் கீழே வைத்து, "இவ உண்டாயிருக்காளே, உங்க கண்ணு எங்கவே போச்சு?" என்றாள். பெஞ்சில் இருந்த ஆண்கள் குனிந்துகொண்டார்கள். அடுத்த சுற்றில் உற்றுப் பார்த்தபோது மினுக்குச் சட்டை இடுப்பில் கொஞ்சம் இறுகியிருந்தது, படியில் இறங்கும்போது ஒரு கை தானாக வயிற்றுக்குப் போய் வந்தது. ஊர் அதை உடனே ஒத்துக்கொண்டது. பிரகாசியம்மாள் சொல்லி ஒன்று இல்லையென்று ஆனது கிடையாது, தவிரவும் நாளெல்லாம் ஆடிப் பாடுகிற வாலிபப் பெண் ஒருத்தி உண்டாவதில் அதிசயப்பட என்ன இருக்கிறது.

தகப்பன் யார் என்பதில்தான் ஊர் இரண்டாகப் பிரிந்தது. முதல் பாட்டின் எக்காளக்காரன்தான் என்றார்கள் சிலர், ஊதுகிறவனுக்கு வாயும் பெரிது துணிச்சலும் பெரிது என்று. மூன்றாம் பாட்டில் குதிரைமேல் கயிறு சுழற்றி வருகிறவன்மேல் பெண்களுக்குச் சந்தேகம் இருந்தது, இருந்தாலும் குதிரை ஏறி மூன்றிலிருந்து ஐந்துக்கு வருவதென்றால் இடையில் கிழவரின் பியானோவைத் தாண்டவேண்டும், கிழவர் முழித்துக்கொண்டேதான் இருக்கிறார் என்று அது தள்ளுபடியானது. கடைசியில் மேளக்காரர்தான் என்று முடிவாயிற்று, ஏனென்றால் வயிறு தெரிய ஆரம்பித்த பிறகு அவர் ஒரு முக்காலியைக் கொண்டுவந்து படிக்கட்டின் கீழே போட்டிருந்தார், புருஷனைத் தவிர வேறு யாருக்கு அந்த யோசனை வரும். பங்குச்சாமியார் மட்டும் தாடியைத் தடவியபடி, அவர்களுக்குக் கோயிலில் மூன்று ஞாயிறு ஓலை வாசித்துக் கல்யாணம் நடந்ததா என்று கேட்டார். "சாமி, அவங்க ஊர்ல நடந்திருக்கும், நாம போயி வாங்கிட்டா வர முடியும்?" என்றாள் பிரகாசியம்மாள். சாமியார் சிரித்துவிட்டுப் பெட்டியின்மேல் தீர்த்தம் தெளித்துவிட்டுப் போனார்.

அதன்பிறகு பாட்டை யாரும் பாட்டாகப் பார்க்கவில்லை. கருவாடு காயப்போடும் பெண்கள் கை கழுவிவிட்டு வந்து நின்று, அவள் படியில் இறங்கும்போதெல்லாம், "மெதுவாட்டீ, மெதுவா, அந்தச் செருப்பைக் கழத்தி எறியேன்" என்று கண்ணாடியைப் பார்த்து ஏசினார்கள், அவள் அடுத்த சுற்றில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு இறங்கினாள், அதற்கடுத்த வாரம் வெறுங்காலோடு இறங்கினாள். மாங்காய்க் காலத்தில் பெட்டியின்மேல் மாங்காய் வைத்தார்கள். தவக்காலம் வந்தது, எங்கள் ஊரில் தவக்காலத்தில் பாட்டும் கூத்தும் கிடையாது, மீரான் பாய்க்கு அந்த ஒறுத்தல் இல்லையென்றாலும் ஊருக்கு மரியாதையாக, கோயிலில் சுரூபங்களை மூடுகிற மாதிரி பெட்டியை ஊதாத் துணியால் மூடிவைத்தார், உயிர்த்த ஞாயிறன்று பூசை முடிந்து சனம் நேராகக் கடைக்குத்தான் வந்தது. விபூதிப் புதனுக்கு முன்னால் பார்த்த அதே வயிறுதான் இருந்தது. "சின்ன வயிறு, பொட்டப்பிள்ளையாத்தான் இருக்கும்" என்று பேசிக்கொண்டார்கள்.

ஒன்பதாம் மாதம் என்று ஊர் கணக்கிட்டபோது வளைகாப்பு நடத்தினார்கள். கடைக்கு வெளியே பந்தல் போட்டு, புளிச்சோறும் தேங்காய்ச்சோறும் கிண்டி, பெட்டியின் இரண்டு தோளிலும் சந்தனம் பூசி, பெண்கள் ஒவ்வொருத்தியாக வந்து தன் கைக்கு ஒரு வளையலும் பெட்டியின் குமிழுக்கு ஒரு வளையலுமாகப் போட்டார்கள். அடுத்த சுற்றில் அவள் கை நிறையக் கண்ணாடி வளையல் இருந்தது, மேளத்தோடு சேர்ந்து கலகலவென்று சத்தமும் கேட்டது. போட்டால் கையில் இருக்கத்தானே செய்யும், அதைப்பற்றி யாரும் பேசவில்லை, படத்தில் நிறம் கிடையாதென்பதால் அது பச்சையா சிவப்பா என்பதைப் பற்றித்தான் சாயங்காலம்வரை பேசினார்கள். அந்தப் பாட்டின் முடிவில் அவள் படியில் பாதியில் நின்று, இடுப்பில் கையை வைத்து, முகத்தைச் சுளித்தாள். தாய்வீட்டுக்குக் கிளம்புகிறவளுக்கு வருகிற அழுகைதான் என்று எங்கள் பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

அப்போதுதான் அவளுக்குத் தாய்வீடு எது என்ற கேள்வி வந்தது. வளைகாப்பு முடிந்த பெண்ணைக் காபிக்கடையில், பீடிப் புகைக்கும் நாலுபேர் கண்ணுக்கும் நடுவே விட்டுவைப்பதா? எல்லோரும் எல்லோர் முகத்தையும் பார்த்துக்கொண்டிருந்தபோது, பின்னால் கையில் திருப்புளியோடு நின்ற தொம்மை சொன்னான்: "எங்க வீட்டுக்கு வரட்டும்."

எல்லோரும் திரும்பி அவனைப் பார்த்தோம், ஏனென்றால் தொம்மையின் வீட்டில் அவன் மனைவி சலேத்து போனபிறகு ஒரு பெண்ணும் அடியெடுத்து வைத்ததில்லை. அவன் லாஞ்சோடு கொழும்புக்குப் போயிருந்தபோது, நிறைமாதமாக இருந்த சலேத்து கருவாட்டுக் கடகத்தைத் தலையில் வைத்துச் சந்தைக்கு நடந்தாள், வழியில் நோவு கண்டு பனங்காட்டிலேயே படுத்தாள், பிரகாசியம்மாள் ஓடிப்போய்ச் சேர்ந்தபோது தாயும் இல்லை பிள்ளையும் இல்லை. தொம்மை திரும்பி வந்து பார்த்தது மண்மேட்டைத்தான். அதற்குப் பிறகு அவன் எஞ்சின்களோடு மட்டுமே பேசினான் என்று ஊர் கேலி பேசும், கேலி பேசினாலும் அவனுக்காக ஊர் வருத்தப்பட்டது உண்மை. ஆகவே அவன் அப்படிக் கேட்டதும் மீரான் பாய் ஒரு வார்த்தை மறுக்காமல் ஒயரைக் கழற்றச் சொன்னார்.

மாட்டுவண்டியில் வைக்கோல் பரப்பி, அதன்மேல் மெத்தை போட்டு, பெட்டியைப் படுக்கவைக்காமல் நாலுபேர் நிறுத்திப் பிடித்துக்கொண்டு, கோயில் பாண்டு முன்னால் வாசித்துக்கொண்டுபோக அவளைக் கொண்டுபோய் இறக்கினோம். தொம்மை சலேத்தின் கல்யாணப் புடவையைப் பெட்டிக்குப் போர்த்தினான். அவன் வீட்டில் கரண்டு கிடையாது, அதுவும் நல்லதுக்குத்தான் என்றோம், இனி யாரும் காசு போட்டு அவளைப் படியில் நடக்கவைக்க முடியாது, நிம்மதியாகக் கால் நீட்டட்டும். பெண்கள் முறைவைத்துச் சீரகத் தண்ணீரும் பூண்டுக் குழம்பும் கொண்டுபோய் வைத்தார்கள், மறுநாள் எடுத்துப்போய்த் தாங்களே சாப்பிட்டார்கள். தொம்மை வீட்டை வெள்ளையடித்தான். ஒரு தொட்டில் வாங்கினான். அவன் விசிலடித்துக்கொண்டே பட்டறைக்குப் போவதை எங்கள் ஊர் முதன்முதலாகக் கண்டது, எங்களுக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது.

மாதம் ஒன்று போனது, இன்னொன்றும் போகப் பார்த்தது. பெட்டிக்குள்ளிருந்து ஒரு சத்தமும் இல்லை. ஒருநாள் காலையில் பிரகாசியம்மாள் தொம்மை வீட்டு வாசலில் வந்து நின்று, உள்ளே வராமலே கேட்டாள்:

"தம்பி, கடைசியா அவள நீ பாத்தப்போ எப்படி நின்னா?"

"படியில. இடுப்புல கைய வச்சிட்டு."

"மூஞ்சி?"

"சுளிச்ச மாதிரி இருந்துச்சுக்கா. அழுகைன்னு சொன்னாவளே எல்லாரும்."

பிரகாசியம்மாள் கதவுநிலையைப் பிடித்துக்கொண்டாள். "தவக்காலம் பூரா பெட்டி மூடிக் கெடந்துச்சு. அந்த நாளெல்லாம் வயிறு ஒரு விரக்கடை வளரல. சின்ன வயிறுன்னு நானும்தான சொன்னேன், என் வாயில மண்ணு விழ. தொம்மை, பெட்டி ஓடுனாத்தான் அவளுக்குப் பொழுது ஓடும். காசு விழுந்தாத்தான் அவளுக்கு அடுத்த மூச்சு."

"அதுக்கு?"

"அதுக்கா? அது அழுகை இல்லய்யா, நோவு. நோவு எடுத்து நிக்கிற இடத்துல அவள நிறுத்தி, பாண்டு வாசிச்சுக் கூட்டியாந்து, இருட்டுல பூட்டி வச்சிருக்கோம்."

தொம்மை பெட்டியைத் திரும்பிப் பார்த்தான், புடவையைத் தொட்டான், உடனே கையை எடுத்துக்கொண்டான். அதன்பிறகு நடந்ததெல்லாம் ஓட்டம்தான். அதே வண்டி, அதே மெத்தை, இப்போது பாண்டு இல்லை, பள்ளம் வந்தால் ஆண்கள் சக்கரத்தைத் தோளால் தூக்கினார்கள், பெண்கள் செபமாலை சொல்லிக்கொண்டே கூட ஓடினார்கள், மீரான் பாய் கடையிலிருந்த பெஞ்சுகளையெல்லாம் தெருவில் எறிந்து இடம் பண்ணியிருந்தார், ஐஸ் கம்பெனிக்காரர்கள் எஞ்சினை நிறுத்தமாட்டோம் என்று சத்தியம் செய்து அனுப்பினார்கள். பெட்டியை வைத்தாயிற்று, ஒயரை மாட்டியாயிற்று. ஊர்க் காசெல்லாம் ஒரு சொளகில் குவிந்து கிடந்தது. காசு போடவேண்டியது தொம்மைதான், அவன் வீட்டிலிருந்து வந்த பெண். அவன் துளைக்கு முன்னால் காசைப் பிடித்தபடி நின்றான்.

"போடு தம்பி."

"முடியலக்கா."

"போடுய்யா."

"நான் போடாம இருந்தா அவ அப்படியே இருப்பாளா?"

"இருப்பா. பெறவும் மாட்டா, சாவவும் மாட்டா."

"அப்போ அப்படியே இருக்கட்டுமே!" என்று தொம்மை கத்தினான், அவன் கத்தி நாங்கள் கேட்டதில்லை. "போட்டுச் செத்துட்டான்னா? என் கையாலயே போட்டு அவ செத்துட்டான்னா நான் என்னக்கா செய்வேன்?"

பிரகாசியம்மாள் அவனை அடிப்பாள் என்றுதான் நினைத்தோம். அவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். "சலேத்துக்கு நான் வந்து சேரும்போது நேரம் போயிட்டு. அதை நெனைக்காத நாளு எனக்கும் கெடையாது. இவளுக்கு நான் முன்னாலயே நிக்கேன், நீயும் நிக்க. இத்தனபேரு நிக்கோம். நோவோட ஒருத்திய நிறுத்தி வச்சிட்டு, உசுரோட இருக்கான்னு சொல்லிக்கிடலாமா? போடுய்யா."

அவன் போட்டான். வந்தது ஆறாம் பாட்டு, ஐஸ் பாளத்தின்மேல் பெண்கள் சறுக்கி விளையாடுகிற பாட்டு. அஞ்சில் நின்ற பெட்டி ஆறிலிருந்துதான் தொடங்கும் என்பதை அந்த அவசரத்தில் நாங்கள் மறந்தே போயிருந்தோம். நாங்கள் கைகூப்பி, பல்லைக் கடித்துக்கொண்டு அந்தச் சறுக்கலைப் பார்த்தோம், ஏழாம் பாட்டில் கோடுபோட்ட சட்டைக்காரர்கள் நாலுபேரும் தொப்பியைத் தூக்கித் தூக்கி வணக்கம் சொன்னார்கள், எட்டாம் பாட்டில் நாய் ஒன்று பாடியது, எக்காளக்காரன் அன்றைக்கென்று பார்த்து நீட்டி முழக்கினான், இரட்டைப் பெண்கள் ஒரே குடைக்குள் வந்தார்கள் போனார்கள், குதிரைக்காரனைப் பெண்கள் கேட்கக்கூடாத வார்த்தைகளால் ஏசினார்கள், பியானோக் கிழவர் பாவம், அவர் மட்டும் கொஞ்சம் வேகமாக வாசித்து முடித்த மாதிரி இருந்தது.

அஞ்சாம் பாட்டு வந்தபோது அவள் விட்ட இடத்திலேயே நின்றாள், இடுப்பில் வைத்த கையோடு. வெளிச்சம் பட்டதும் வாயைத் திறந்தாள், வந்தது பாட்டு இல்லை. மேளக்காரர் மேளத்தை உதைத்துத் தள்ளிவிட்டு ஓடிவந்து அவளைத் தாங்கிப் படியில் சாய்த்தார், ஆடுகிற பெண்கள் ஆட்டத்தை விட்டுவிட்டு வட்டமாக நின்று இறகு விசிறிகளை விரித்து மறைத்தார்கள், விசிறிக்கு மேலே அவள் முகம் மட்டும் தெரிந்தது. பிரகாசியம்மாள் கண்ணாடியில் மூக்கு முட்ட நின்று, "முக்காத, இப்ப முக்காத தாயீ, மூச்ச மட்டும் விடு, நான் சொல்லும்போது முக்கு" என்று கத்தினாள், அந்தப் பாஷை தெரியாதவள் இந்தப் பாஷையைக் கேட்டுத் தலையாட்டினாள். அதற்குள் வெளிச்சம் அணைந்தது. மறுபடி ஐஸ், மறுபடி தொப்பி, மறுபடி நாய். இப்படி எத்தனை சுற்று போனது என்று யாரும் எண்ணவில்லை, வெயில் கடை வாசலிலிருந்து ஏறிக் கூரைக்குப் போனது, தொம்மை சொளகிலிருந்து காசை எடுத்து எடுத்துப் போட்டுக்கொண்டேயிருந்தான், அவன் சட்டை நனைந்து முதுகோடு ஒட்டியிருந்தது, ஒவ்வொரு அஞ்சாம் பாட்டுக்கும் அவன் கண்ணை மூடிக்கொண்டான்.

ஒரு சுற்றில் பிரகாசியம்மாள், "இப்ப! இப்ப முக்கு! என் ராசாத்தி, இன்னும் ஒண்ணு!" என்று கூவினாள், விசிறிகளெல்லாம் நடுங்கின, வளையல்கள் உடைகிற சத்தம் கேட்டது, பிறகு பெட்டியின் வயிற்றுக்குள்ளிருந்து ஒரு பிள்ளை வீறிட்டு அழுதது. குலவைச் சத்தம் கடற்கரைவரை போனது, மீரான் பாய் சீனி டப்பாவைக் கவிழ்த்து எல்லார் வாயிலும் சீனி போட்டார், கோயில் மணியை யாரோ அடித்தார்கள். கண்ணாடி அணைந்து வெள்ளையாக நின்றது.

"தாய்?" என்றான் தொம்மை.

குலவை நின்றது. யாரும் பார்க்கவில்லை. பிள்ளை அழுததும் எல்லோரும் விசிறிக்குள்ளேதான் பார்த்தார்கள், விசிறிக்கு மேலே இருந்த முகத்தைப் பார்த்தவர்கள் யாருமில்லை. பிரகாசியம்மாளைப் பார்த்தோம், அவள் கண்ணிலும் பயம் இருந்தது. நடுவில் ஏழு பாட்டுகள் இருந்தன.

தொம்மை காசு போட்டான். அந்த ஏழு பாட்டுகளில் யாரும் யாரையும் ஏசவில்லை, எக்காளக்காரனைக்கூட. சறுக்குகிற பெண்கள் சறுக்கினார்கள், நாய் பாடியது, குதிரை வந்தது, தொம்மையின் விரல் ஒவ்வொரு முறையும் துளையைத் தடவிக் கண்டுபிடித்துக் காசை உள்ளே விட்டது. கிழவர் பியானோவை மூடினார். தொம்மை கடைசிக் காசைப் போட்டுவிட்டு, இந்த முறை கண்ணை மூடவில்லை.

அட்டைத் துறைமுகத்தில் பாட்டு இல்லை. வாத்தியக்காரர்கள் வாத்தியங்களை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். மேளக்காரர் எங்களைப் பார்த்து உதட்டில் விரலை வைத்தார். படிக்கட்டின் அடியில் இறகு விசிறிகளைப் பரப்பி, அதன்மேல் அவள் ஒருக்களித்துக் கிடந்தாள், மார்போடு ஒரு சின்னத் தலை, முடி அடர்ந்த தலை. மினுக்குச் சட்டை மெதுவாக ஏறி இறங்கியது. மறுபடி ஏறி இறங்கியது.

அடுப்பில் பால் பொங்கி வழிந்தது, மீரான் பாய் அதை வழியவிட்டார். கைக்குழந்தை வைத்திருந்தவர்கள் அதன் வாயைப் பொத்தினார்கள், ஓரணாவுக்கு ஒரு பெண் தூங்குவதை ஊரே நின்று பார்த்தது. தொம்மை கண்ணாடிக்குப் பக்கத்தில் போனான். அவன் கன்னத்தில் வழிந்ததை அவன் துடைக்கவில்லை.

"அக்கா," என்றான் ரகசியமாக, "பிள்ள பெத்தவ இப்படித்தான் தூங்குவாளா?"

"இப்படித்தான் தூங்குவா, தம்பி" என்றாள் பிரகாசியம்மாள்.

படம் முடிகிறவரை அவன் பார்த்துக்கொண்டே நின்றான்.